ஏழு கேள்விக்குறிக்கு எண்பது கன்று

இணையதளம் செய்து கொடுப்பவனை வாடிக்கையாளர் இரண்டே சமயத்தில்தான் தேடுவார்: ஒன்று, திரையில் எழுத்தே தெரியாதபோது, இன்னொன்று, எழுத்து தெரிந்தும் அது தமிழாக இல்லாதபோது.

தமிழில் ஒரு பக்கத்தைச் செய்து, உங்கள் கணினியில் முத்து முத்தாகப் பார்த்து மகிழ்ந்து, அடுத்த நிமிஷம் அதையே இன்னொருவர் போனில் கட்டமும் கொம்புமாகப் பார்த்து வயிறெரிந்தவரா நீங்கள்? அப்படியென்றால் பக்கத்தில் வந்து உட்காருங்கள், நமக்கு ஒரே வியாதி. பெரம்பலூர் புது பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு மாடி அறையில் செந்தில் அண்ணன் நடத்துகிற ஆபீஸில் இரண்டு வருஷமாக இந்த வேலை பார்க்கிறேன். எனக்குச் சத்தம் போட வராது. கோபம் வந்தால் குரல் இன்னும் உள்ளே போய்விடும். எதிரில் இருப்பவர், "என்ன தம்பி, கேக்கல" என்பார். சொல்ல வந்தது அதோடு தொண்டையிலேயே நின்றுவிடும். அப்படி நின்றுபோனவற்றில் ஒரு தளத்துக் கதையை மட்டும் இங்கே இறக்கி வைக்கிறேன். ஆண்டிமடம் பக்கத்து முந்திரி விவசாயிகள் சேர்ந்து நடத்தும் ஒரு கம்பெனிக்காகச் செய்த தளம் அது.

பாண்டிச்சேரி பாஷை

கம்பெனியின் செயலாளர் ஓய்வு பெற்ற அலுவலர். எதையும் எழுத்தில் பார்த்தால்தான் நம்புவார். "மொதப் பக்கத்துல நம்ம ஊரு முந்திரியைப் பத்தி நாலு வரி நல்ல தமிழ்ல இருக்கணும்" என்று கேட்டார். எழுதினேன். என் கணினியில் அழகாக இருந்தது. வாடகைக்கு எடுத்திருந்த சர்வரில் கொண்டுபோய் வைத்தேன். 'முந்திரி' என்ற சொல் 'à®®à¯' என்று ஆரம்பித்து ஒரு முழத்துக்கு நீண்டு கிடந்தது.

நடந்தது இதுதான். பிரவுசருக்கு எழுத்து தெரியாது, வரிசையாக வரும் எண்கள்தான் தெரியும். அந்த எண்களை எந்த முறையில் படிக்க வேண்டும் என்று யாராவது சொல்ல வேண்டும். பக்கத்தின் தலையிலேயே, "என்னை யூனிகோடாகப் படி" என்று நான் ஒரு வரி எழுதியிருந்தேன். ஆனால் பக்கம் போவதற்கு முன்னால் சர்வர் தன் பங்குக்கு ஒரு சீட்டு அனுப்பும். அந்தச் சீட்டில், "இது மேற்கு ஐரோப்பிய எழுத்து" என்று இருந்தது. இரண்டும் முரண்பட்டால் பிரவுசர் சர்வர் பேச்சைத்தான் கேட்கும். ராஜா முன்னால் சாட்சி சொல்ல வந்தவன் வாயைத் திறப்பதற்குள் வாசல்காரன், "மகாராஜா, இவன் வெளியூர்க்காரன், இவன் பேசறது உங்களுக்குப் புரியாது" என்று சொல்லிவிட்ட கதைதான். சாட்சி பாவம், சுத்தத் தமிழில் கத்திக்கொண்டிருக்கிறான்.

ஒரு மணி நேரத்தில் செயலாளரின் போன் வந்தது. "தம்பி, பாண்டிச்சேரிக்காரங்களுக்குச் செஞ்சதை மாத்தி எங்களுக்குப் போட்டுட்டீங்களா? எழுத்துக்கு மேலல்லாம் கோடு இழுத்து பிரெஞ்சு மாதிரி இருக்கு."

உதவி எண்

அதைச் சரிசெய்ய ஒரே ஒரு வரி போதும். நம் பங்குக் கோப்புறையில் ஒரு சின்னக் கோப்பு வைத்து, "சீட்டில் யூனிகோடு என்று எழுதி அனுப்பு" என்று சொல்லிவிடலாம். வைத்தேன், சரியாகிவிட்டது. அதோடு வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். ஆனால் அதே சர்வரில் இன்னும் எத்தனை தமிழ்ப் பக்கங்கள் பிரெஞ்சு பேசிக்கொண்டிருக்கின்றனவோ என்று எனக்கு ஆற்றாமை. சர்வரை வாடகைக்கு விட்ட கம்பெனியின் உதவி எண்ணைக் கூப்பிட்டேன்.

இருபது நிமிஷம் பாட்டு கேட்ட பிறகு ஒருவர் எடுத்தார், நம் ஆள்தான், தமிழிலேயே பேசினார். "கேஷ் கிளியர் பண்ணீங்களா சார்?" என்றார். பண்ணினேன் என்றேன். "வேற பிரவுசர்ல பாத்தீங்களா?" பார்த்தேன். "போனை ஆஃப் பண்ணி ஆன் பண்ணுங்க." பண்ணினேன். "என் போனில் பிரச்னை இல்லைங்க, உங்க சீட்டில்தான் பிரச்னை, நான் என்னுடையதைச் சரிபண்ணிக்கிட்டேன், மத்தவங்களுக்காகச் சொல்றேன்" என்று மூன்று தடவை சொன்னேன். மூன்று தடவையும், "சார், கொஞ்சம் சத்தமா பேசுங்க" என்றார். கடைசியில் அவருக்கே பொறுமை போய்விட்டது.

"சார், எங்ககிட்ட ஆயிரக்கணக்குல சைட் இருக்கு. இங்கிலீஷ்ல இருக்கிறதெல்லாம் சூப்பரா ஓடுது. உங்க சைட்ல தமிழ் இருக்கறதுதான் சார் பிரச்னையே."

மோந்து பார்க்காதே

முந்திரிக்கன்று நடும் முறையைப் படம் போட்டு ஒரு பிடிஎஃப் கோப்பாகத் தயாரித்துக் கொடுத்திருந்தேன். அதைத் தளத்தில் ஏற்றும் உரிமை செயலாளருக்கும் உண்டு. அவர் ஒருநாள் அதன் பெயரில் இருந்த புள்ளியையும் 'பிடிஎஃப்' என்ற வாலையும் நறுக்கிவிட்டு, வெறுமனே 'நடவு முறை' என்று மாற்றி ஏற்றிவிட்டார். மக்களுக்கு எளிதாக இருக்கட்டும் என்ற நல்ல எண்ணம். இந்த வாலைப் பார்த்துத்தான் சர்வர் ஒரு கோப்பு என்ன வகை என்று சீட்டில் எழுதும். வால் இல்லையா, தெரியாத எல்லாவற்றுக்கும் போடுகிற மாதிரி, 'வெறும் எழுத்து' என்று எழுதி அனுப்பிவிட்டது.

பிரவுசருக்குக் கோப்பின் முதல் நாலு எழுத்தைப் பார்த்தாலே அது பிடிஎஃப் என்று தெரியும். அப்படி உள்ளே எட்டிப் பார்ப்பதை எங்கள் தொழிலில் மோந்து பார்ப்பது என்போம். ஆனால் இந்த சர்வர் பாதுகாப்புக்காக, "மோந்து பாக்காதே, சொன்னதை மட்டும் செய்" என்று இன்னொரு உத்தரவையும் சேர்த்தே அனுப்புகிறது. பிரவுசரும் நல்ல பிள்ளையாக, படத்தையும் பாடத்தையும் எழுத்தாக நினைத்துக்கொண்டு பக்கம் பக்கமாகக் கிறுக்கித் தள்ளியது.

ஆண்டிமடத்தில் கம்ப்யூட்டர் சென்டர் வைத்திருப்பவர் பாபு. நடவு முறை கேட்டு ஒரு பெரியவர் போயிருக்கிறார். பாபு அந்தக் கிறுக்கலை அறுபத்தெட்டுப் பக்கம் பிரிண்ட் எடுத்து, மூலையில் பின் அடித்துக் கொடுத்திருக்கிறார். பெரியவர் அதைத் துண்டில் சுற்றிக்கொண்டு கம்பெனிக்கு வந்து, படித்துக் காட்டச் சொல்லியிருக்கிறார். ஒரு பக்கத்திலாவது உங்களுக்குச் சந்தேகம் வரவில்லையா என்று பாபுவிடம் போனில் கேட்டேன். அவருக்குக் கொட்டாவி வந்தது.

"நீங்க குடுத்ததை நான் அப்படியே எடுத்துக் குடுத்தேன் ப்ரோ. படிக்கிறது அவங்க பொறுப்பு."

பெயர்ப் பட்டியல்

இதுவரை சொன்னதெல்லாம் சிராய்ப்பு. இனிமேல்தான் காயம்.

ஒட்டுக்கன்று வேண்டும் விவசாயிகள் தளத்தில் பதிந்துகொள்ள ஒரு படிவம் செய்தேன்: பெயர், ஊர், போன் எண், எத்தனை கன்று. பதிவு மூன்று வாரத்துக்கு மேல் நடந்தது. எத்தனை பேர் பதிந்தார்கள் என்ற எண்ணிக்கையை மட்டும் செயலாளர் தினமும் பார்த்துச் சந்தோஷப்பட்டுக்கொண்டிருந்தார். பெயர்களை யாரும் பார்க்கவில்லை. கன்று கொடுக்கிற அன்று காலையில்தான் பட்டியல் பிரிண்ட் ஆனது. "ஏதாச்சும் கம்ப்யூட்டர் சந்தேகம் வந்தா நீங்க கூட இருங்க" என்று சொல்லியிருந்ததால் நானும் ஆண்டிமடம் போயிருந்தேன்.

குடோன் வாசலில் பச்சை வலைக்குக் கீழே கறுப்புப் பைகளில் கன்றுகள் அடுக்கியிருந்தன. செயலாளர் ஒவ்வொரு பெயராகக் கூப்பிட்டார். இங்கிலீஷில் பதிந்தவர்கள் எல்லாருக்கும் பெயர் இருந்தது, வந்து வாங்கிக்கொண்டு போனார்கள். அடுத்து ஒரு பெயருக்கு வந்தவர் நின்றுவிட்டார். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடி பார்த்தார். தாளை என்னிடம் நீட்டினார். பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கேள்விக்குறி, ஒரு புள்ளி, பிறகு ஆறு கேள்விக்குறிகள். ஊர் இருக்கிற இடத்திலும் கேள்விக்குறிகள். அதற்குக் கீழே இன்னொரு ஆள், அதுவும் அப்படியே. இப்படி நாற்பத்து மூன்று பேர். அத்தனை பேரும் பாபு சென்டரில் பதிந்தவர்கள். பாபு ஒருவர்தான் ஒழுங்காக, வந்தவர்கள் சொன்ன மாதிரியே தமிழில் அடித்திருந்தார். போன் எண்ணை வைத்தாவது கண்டுபிடிக்கலாமென்றால், அந்த நாற்பத்து மூன்று பேருக்கும் ஒரே எண்: பாபுவின் எண். ஓடிபி வந்தால் சட்டென்று அடிக்க வசதி என்று எல்லாச் சென்டரிலும் செய்கிற வேலைதான்.

"பேரு தெரியிறவங்களுக்கு இன்னிக்கு. மிச்சம் இருக்கிற கன்னு வெள்ளிக்கிழமை. அதுக்குள்ள பேரு வரலைன்னா காத்திருப்போர் லிஸ்டுக்குப் போயிடும்" என்றார் செயலாளர். "ஐயா, தப்பு எங்க பக்கம்" என்று நான் சொன்னது முன்னால் நின்ற இரண்டு பேரைத் தாண்டிப் போகவில்லை. கூட்டத்திலிருந்து ஒரு அம்மா வந்தார். நாற்பத்தைந்து வயசு இருக்கும், முழங்கை வரை செம்மண். பெயர் ம. அஞ்சலை. பட்டுப்போன மரங்களை வெட்டி எடுத்துவிட்டு, ஒரு ஏக்கருக்கு எண்பது குழி வெட்டி, எரு போட்டு வைத்துவிட்டு வந்திருக்கிறார். மழை கட்டி நிற்கிறது. இந்தத் தடவை கன்று கிடைக்கவில்லை என்றால் குழியெல்லாம் தூர்ந்துவிடும். அடுத்த கன்று அடுத்த வருஷம்தான். தாளை வாங்கி, விரல் வைத்து, அந்த ஏழு குறியையும் தடவிப் பார்த்தார்.

"எம் பேரு என்னான்னு நான் ஒழுங்காத்தானே சொன்னேன். நீங்க ஏன் தம்பி திருப்பி என்னையே கேக்கறீங்க?"

என் கையால்

கொஞ்சம் விளக்க வேண்டும், பொறுத்துக்கொள்ளுங்கள். பிரெஞ்சு மாதிரி தெரிந்ததே, அது படிப்பதில் வந்த பிழை மட்டும்தான். எண்கள் அப்படியே இருக்கும், படித்த முறைதான் தப்பு. சரியான முறையில் படித்தால் தமிழ் திரும்பி வந்துவிடும். கேள்விக்குறி அப்படியில்லை. தகவலைச் சேர்த்து வைக்கும் அட்டவணைக்கு நாம் ஒரு எழுத்து முறை சொல்லி வைக்க வேண்டும். அந்த முறையில் இல்லாத எழுத்து வந்தால் அது எழுத்தைத் தூக்கி எறிந்துவிட்டு, அந்த இடத்தில் ஒரு கேள்விக்குறியை வைத்துவிடும். எறிந்தது எறிந்ததுதான். ஒரு சத்தம் போடாது, ஒரு எச்சரிக்கை காட்டாது. பதிந்தவரிடம், "நன்றி, உங்கள் பதிவு ஏற்கப்பட்டது" என்று சிரித்துக்கொண்டே சொல்லும்.

அந்த அட்டவணையைச் செய்தது யார்? நான்தான். புதிதாகச் செய்யச் சோம்பல்பட்டு, ஒரு லாரி பாடி கட்டும் கம்பெனிக்குச் செய்த பழைய இங்கிலீஷ் அட்டவணையை நகலெடுத்துப் போட்டேன். சரி, சோதித்துப் பார்க்கவில்லையா? பார்த்தேன், ஐந்து தடவை பார்த்தேன். ஐந்து தடவையும் பெயர் என்ற இடத்தில் 'டெஸ்ட்' என்று இங்கிலீஷில் அடித்தேன். தமிழ்க்காரனுக்காகத் தமிழ்க்காரன் செய்த படிவத்தில் ஒரு தடவைகூட ஒரு தமிழ்ப் பெயரை அடிக்கத் தோன்றவில்லை. உதவி எண்காரர் மேல் எனக்கு வந்த கோபத்துக்கு, அன்று பஸ்ஸில் திரும்பும்போது என் மேல் வந்தது பத்து மடங்கு.

ஆபீஸில் செந்தில் அண்ணனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். டீ கிளாஸைக் கீழே வைக்காமலே கேட்டார். "எத்தனை பேருக்குப் போச்சு?" என்றார். நாற்பத்து மூன்று என்றேன். பெரிய மனசோடு என் தோளைத் தட்டினார்.

"வுடுடா. ஃபார்ம்ல 'இங்கிலீஷ் மட்டும்'னு செவப்புல போட்டுடு, முடிஞ்சிது கதை."

விரல் விட்டு எண்ணியது

கதை முடியவில்லை. எழுத்து போனாலும் எண்ணிக்கை போகவில்லை என்று ராத்திரி படுக்கும்போது உறைத்தது. ஒவ்வொரு எழுத்துக் குறிக்கும் ஒரு கேள்விக்குறி. புள்ளியும் இடைவெளியும் அப்படியே நிற்கின்றன. கணினி எண்ணுகிற முறையில் கால், கொம்பு, மேல்புள்ளி எல்லாம் தனித்தனி. அப்படி எண்ணினால் 'அஞ்சலை' ஆறு. முன்னால் 'ம' ஒன்று, ஆக ஏழு. எண்பது கன்று கேட்ட வரிசையில் அந்த ஏழும் சரியாக இருந்தது.

மறுநாள் மறுபடி ஆண்டிமடம். குடோன் வாசலில் ஒரு சாக்கை விரித்து உட்கார்ந்துகொண்டேன். நாற்பத்து மூன்று பேரில் முப்பது பேருக்கு மேல் வந்திருந்தார்கள். ஒவ்வொருவர் பெயரையும் எழுதி, விரல் விட்டு எண்ணி, கன்று எத்தனை என்று கேட்டு, பட்டியலோடு பொருத்தினேன். வரிசையில் ஒரே சிரிப்பு. "எனக்கு ஒம்போது குறி, உனக்கு?" "எனக்கு பதினொண்ணு, நாந்தான் பெரிய ஆளு." விக்கிரமங்கலத்திலிருந்து இங்கே மாமியார் வீட்டு நிலத்தைப் பார்க்க வந்திருந்த ஒருவர், தன் பெயருக்கு நாலுதான் வருகிறது என்று கோபித்துக்கொண்டார். அஞ்சலை அக்கா மட்டும் சிரிக்கவில்லை, வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பட்டியல் கிட்டத்தட்ட நிரம்பிவிட்டது. செயலாளரிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். அவர் பொறுமையாகப் படித்தார், பொறுமையாகத் திருப்பிக் கொடுத்தார். அவர் கெட்டவர் இல்லை, அதுதான் எனக்கு இன்னும் எரிச்சல்.

"தம்பி, குமாருக்கும் ஆறு, கண்ணனுக்கும் ஆறு, அஞ்சலைக்கும் ஆறு. நாளைக்கு இன்னும் பத்து ஆறு வந்து நிக்கும். நான் எதை வச்சுக் குடுக்கறது? எழுத்துல கொண்டாங்க."

சர்வரின் நாட்குறிப்பு

எழுத்தில் எங்கே இருக்கிறது? வியாழக்கிழமை காலை என் படிவத்தையே வரி வரியாகப் படித்தேன். அங்கே இன்னொரு தப்பு செய்திருந்தேன். படிவத்தில் அடித்ததை உறைக்குள் போட்டு அனுப்ப ஒரு வழி உண்டு. பிரவுசரின் மேலே தெரிகிற இணைய முகவரியிலேயே எழுதி அனுப்ப இன்னொரு வழி உண்டு. விவரம் தெரிந்தவன் பெயரையும் போன் எண்ணையும் முகவரியில் எழுத மாட்டான். நான் அவசரத்தில் எழுதியிருந்தேன். ஆனால் யார் எந்த முகவரியைக் கேட்டு வந்தார்கள் என்று சர்வர் தினமும் ஒரு நாட்குறிப்பு எழுதுமே! அதில் அத்தனை பெயரும் இருக்க வேண்டும், தமிழ் எழுத்தாக இல்லாவிட்டாலும், சதவீதக் குறியும் எண்ணும் கலந்து. 'அ' என்றால் '%E0%AE%85'. அது கேள்விக்குறி மாதிரி செத்த எழுத்து இல்லை. உயிரோடு மூட்டை கட்டி வைத்த எழுத்து.

உதவி எண்ணைக் கூப்பிட்டேன். நாட்குறிப்பை முப்பது நாள்தான் வைத்திருப்பார்களாம், அதற்கு மேல் தானாகவே அழிந்துவிடுமாம். படிவம் திறந்த முதல் நாளிலிருந்து கணக்குப் பார்த்தேன்: இருபத்தெட்டு. உடனே அனுப்புங்கள் என்றேன். "இருங்க சார், திறந்து பாக்கறேன்" என்றார்.

"சார், உங்க ஃபைல் முழுக்க ஒரே சதவீதக் குறியா இருக்கு. கரப்ட் ஆயிருக்கும் போல. அழிச்சிட்டு உங்களுக்குப் புதுசா ஒண்ணு ஆரம்பிச்சுத் தந்துடட்டுமா?"

இதற்கு அதுவே மேல்

அன்று நான் கத்தினேன் என்றுதான் நினைக்கிறேன். செந்தில் அண்ணன் பக்கத்து அறையிலிருந்து எட்டிப் பார்த்தார். கோப்பு வந்தது. மத்தியானத்துக்குள் அவிழ்த்து, நேரத்தை வைத்து ஒவ்வொரு பதிவோடும் பொருத்தினேன். நாற்பத்து மூன்று பேரும் பெயரோடும் ஊரோடும் எழுந்து வந்தார்கள். சந்தோஷத்தில் அறிவு மழுங்கி, பட்டியலைக் கோப்பாகவே செயலாளருக்கு அனுப்பித் தொலைத்தேன். அவர் அதைக் கணக்குப் போடுகிற மென்பொருளில் திறந்தார். கூடவே, "இது யூனிகோடு" என்ற அடையாளத்தை வைக்க நான் மறந்துவிட்டதால், அது தன் இஷ்டத்துக்கு மறுபடி பாண்டிச்சேரி பாஷையில் படித்துக் காட்டியது. ஐந்தே நிமிஷத்தில் போன்.

"தம்பி, இதுக்கு அந்தக் கேள்விக்குறியே பரவால்லங்க. அதையாவது எண்ண முடிஞ்சுது."

வெள்ளிக்கிழமை

இனி எந்த இயந்திரத்தையும் நம்புவதில்லை என்று தாளில் பிரிண்ட் எடுத்தேன். சர்வரின் நாட்குறிப்பையும், யார் எந்தத் தேதியில், எந்த மணிக்குப் பதிந்தார்கள் என்பதையும் பக்கத்திலேயே போட்டேன். பெரம்பலூரிலிருந்து அரியலூர், அங்கிருந்து ஜெயங்கொண்டம், அங்கிருந்து ஆண்டிமடம். போய்ச் சேரும்போது பத்தரை. தூறல் போட்டுக்கொண்டிருந்தது. காத்திருப்போர் பட்டியலில் இருந்த ஒருவருடைய மினி டெம்போ குடோன் வாசலில் பின்பக்கமாக நின்றது. அதில் கன்றுகள் ஏறிக்கொண்டிருந்தன. அஞ்சலை அக்கா டெம்போவின் பின்கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஏற்றுகிறவர்கள் அவரைச் சுற்றிச் சுற்றி ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.

செயலாளர் தாளை வாங்கினார். முதல் பக்கம், இரண்டாம் பக்கம், தேதி, மணி எல்லாவற்றையும் பார்த்தார். பாபுவைக் கூப்பிட்டு, "இந்த நேரத்துல இவங்களை நீதான் பதிஞ்சியா?" என்று கேட்டார். பாபு முதல் தடவையாகக் கொட்டாவி விடாமல், "ஆமாங்கய்யா, அன்னிக்கு அஞ்சலை அக்காதான் மொதல்ல வந்தாங்க" என்றார். "சரி, எழுத்துல இருக்கு. தம்பி, நீங்களே படிங்க" என்றார் செயலாளர். படித்தேன். மூன்றாவது ஆளுக்கே, "கேக்கல, கேக்கல" என்று பின்னாலிருந்து கூச்சல். அஞ்சலை அக்கா டெம்போ கதவை விட்டுவிட்டு என் பக்கத்தில் வந்து நின்றார். நான் முணுமுணுக்க முணுமுணுக்க, ஒவ்வொரு பெயரையும் அவர் ஊருக்கே கேட்கிற மாதிரி கூப்பிட்டார். தன் பெயர் வந்தபோது மட்டும் ஒரு நொடி நிறுத்தி, தாளை எட்டிப் பார்த்துக்கொண்டு, அதையும் அதே சத்தத்தில் கூப்பிட்டார். "ம. அஞ்சலை. எம்பது."

டெம்போவிலிருந்து கன்றுகளை இறக்க வேண்டியிருந்தது. டெம்போக்காரர் முறைத்தார், செயலாளர் தலையாட்டினார், இறங்கின. அக்கா ஒவ்வொரு பையாகத் தூக்கி, ஒட்டுப்போட்ட இடத்தைக் கட்டைவிரலால் தடவிப் பார்த்து, ஒட்டு விலகியிருந்த மூன்றைத் தள்ளி வைத்து, பதிலுக்கு மூன்றைக் கேட்டு வாங்கிக்கொண்டுதான் நகர்ந்தார். எண்பதும் சரியாக இருந்தன. மழை வலுப்பதற்குள் நட்டுவிடலாம் என்று அவர் சும்மாடு சுற்றிக்கொண்டிருந்தபோது, செயலாளர் எல்லாருக்கும் நல்லது சொல்கிற மாதிரி சொன்னார்: "அடுத்த தடவை எல்லாரும் இங்கிலீஷ்லயே பதிஞ்சிடுங்க. தம்பிக்கும் அலைச்சல் இல்ல, நமக்கும் சங்கடம் இல்ல."

எனக்குச் சொல்ல இருபது பதில் இருந்தது. அதில் ஒன்றைப் பொறுக்கி எடுப்பதற்குள் அஞ்சலை அக்கா சும்மாட்டைத் தலையில் வைத்துக்கொண்டே திரும்பினார்.

"நாங்க கொட்டையை மூட்டை மூட்டையா கொண்டாந்து கொட்டுறப்ப, அது எந்த பாஷையில காய்ச்சுதுன்னு நீங்க ஒரு நாளும் கேட்டதில்லையேய்யா."

இந்தத் தொழிலில் எல்லாக் கோளாறையும் சரிசெய்ய ஒரே ஒரு வரி போதும், ஆனால் அந்த வரியை எழுத ஆபீஸில் ஒரு நிமிஷமும், எழுதாமல் விட்டதற்கு ஆண்டிமடத்துக்கு மூன்று தடவை பஸ்ஸும் ஆகும்.